கண்ணாடிக்குள் ஒரு பிரிமணை

நாற்பது வருஷமாக அருங்காட்சியகத்தில் தச்சு வேலை. அந்தக் காலத்துத் துரைமார் ஊர் ஊராகப் போய் வாரிக்கொண்டு வந்த சாமான்களுக்குப் பெட்டியும் பீடமும் அடித்துக் கொடுப்பேன். யாரையும் லேசில் நம்புகிற ஆள் இல்லை நான். மகள் கட்டிக்கொண்ட அகதிப் பையனையும் நம்பவில்லை.

எந்த ஊர்க்காரன் என்று நிரூபிக்காவிட்டால் நாட்டை விட்டு அனுப்பிவிடுவோம் என்று அகதி ஆபீசில் அவனுக்குக் கெடு வைத்திருந்தார்கள். ஊரே எரிந்துபோச்சு. எந்தக் காகிதத்தைக் காட்டுவான்?

ஒருநாள் எனக்கு மதியச் சோறு கொண்டுவந்தவன், 'ராஜ கிரீடம்' என்று எழுதி வைத்திருந்த மர வளையத்தைப் பார்த்து வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தான்.

"மாமா, இது பானை உட்கார வைக்கிற பிரிமணை! விளிம்புல மூணு வரி இருக்கா, எங்க தெருவோடது. அடியில தலையில்லாத மீன் செதுக்கியிருக்கும்."

"நூறு வருஷமா பீடத்துல திருகி வச்சிருக்கு. அடியை எவன்டா பார்த்தான்? ரீல் விடாதே."

கையுறைக்காரர் காதில் விழுந்துவிட்டது. எங்கள் மேலதிகாரி, கையுறை போடாமல் எதையும் தொடமாட்டார். கழற்றச் சொன்னார். கழற்றினேன். தலையில்லாத மீன். அவர் இரண்டு மணி நேரம் பையனைத் துருவித் துருவிக் கேட்டு எழுதிக்கொண்டார்.

"இவன் அந்த ஊர்க்காரன்னு ஒரு காகிதம் எழுதிக் கொடுங்க ஐயா" என்றேன்.

அவர் முகம் சுருங்கியது. "பொருளுக்குத்தான் நாங்க சான்று தர முடியும், பெரியவரே. ஆளுக்கு இல்ல."

"பொருளை யாரைக் கேட்டு எடுத்துட்டு வந்தாங்க?"

"அது அந்தக் காலம்."

அகதி ஆபீஸ் விசாரணைக்குப் பையனோடு நானும் போனேன், பிரிமணையின் பதிவு அட்டையைச் சட்டைக்குள் செருகிக்கொண்டு. ஊர் பேர், மீன், எல்லாம் புது மையில் இருந்தது. கடைசியில், 'தகவல்: அவ்வூர்வாசி ஒருவர்.'

"யார் அந்த ஒருவர்? பேரே இல்லையே" என்றாள் அதிகாரி. "இந்த அட்டை உங்க கைக்கு எப்படி வந்தது? திருடினீங்களா?"

அருங்காட்சியகத்துக்குப் போன் போனது. அரை மணியில் கையுறைக்காரர் காரில் வந்தார். அட்டையைக் குழந்தை மாதிரி இரண்டு கையிலும் ஏந்தி உறையில் போட்டார். பையனைத் தெரியுமா என்று கேட்டாள். "பார்வையாளர்கள் நிறைய பேர் வருவாங்க" என்றார்.

பையனை இரண்டு பேர் அக்குளில் கை கொடுத்துத் தூக்கி வேனில் தள்ளினார்கள். "மாமா, அவளைப் பார்த்துக்கங்க" என்றான்.

அந்த ஆபீசின் பளபளத் தரையில் காறித் துப்பினேன்.

"பெருசு, தொடைச்சிட்டுப் போ" என்றான் காவலாளி.

தொடைக்கவில்லை.