குசினிப் பக்கம்

சேலைக்கு மேலே வெள்ளை டீ-சேர்ட்டை மாட்டிக்கொண்டு அம்மா பஸ்ஸில் ஏறியபோது மற்றவர்களுக்குச் சிரிப்பு வந்தது. எனக்குக் கோபம் வந்தது. சேர்ட்டின் நெஞ்சில் நீலக் கையுறை ஒன்று ஐந்து விரலையும் விரித்துக்கொண்டு நின்றது. அதற்குக் கீழே ஆங்கிலத்தில், ‘நம் நாட்டை அறிவோம்’. எங்கள் தோட்டத்து ரப்பரை வாங்கிக் கையுறை செய்யும் வெளிநாட்டுக் கம்பெனி, அந்த வருடம் நன்றாகப் பால் வெட்டிய இருபது பேருக்குப் பரிசாகக் கொடுத்த கொழும்புச் சுற்றுலா அது. அரை நாள். காலை எட்டரைக்குக் கொழும்பில் ஆரம்பித்துப் பன்னிரண்டரைக்கு முடியும். வழிகாட்டி உண்டு, சோற்றுப் பார்சல் உண்டு, படம் பிடிக்க ஒரு ஆளும் உண்டு. வழிகாட்டி ஆங்கிலத்தில் சொல்வதைத் தமிழில் சொல்ல ஒருவர் வேண்டுமாம். தெஹியோவிட்டப் பக்கம் எங்கள் டிவிஷனில் பட்டம் முடித்தவள் நான் ஒருத்திதான். முடித்துவிட்டு ஒரு வருடமாக லயத்துக் காம்பிராவில் சும்மா குந்தியிருப்பவளும் நான்தான். தோட்டத்தை நடத்துகிற துரை ஆள் அனுப்பினார். போனேன்.

எங்கள் ஆட்கள் எல்லாரும் சிங்களம் பேசுவார்கள், கடைத்தெருவில் சண்டை பிடிக்கிற அளவுக்கு. வழிகாட்டியும் சிங்களவர். நேரே பேசிவிட்டால் என்னுடைய தேவையே இல்லை. இதைத் துரையிடம் சொன்னேன். கம்பெனி அறிக்கையில் ‘தாய்மொழியில்’ என்று எழுத வேண்டும், நீ பேசாமல் போ என்றார்.

அம்மா முதலில் வரமாட்டேன் என்றாள். தோட்டத்திலேயே ஆகக் கூடுதலாகப் பால் கொண்டுவந்தவள் இருளாயிதான் என்று, விடியற்காலையில் வரிசையாக நிறுத்தி வேலைக்கு ஆள் பிரிக்கிற பெரட்டுக் களத்தில் வைத்துக் கணக்குப்பிள்ளை அம்மாவின் பெயரை வாசித்தபோதும் அவள் முகத்தில் ஒன்றும் இல்லை. நான்தான் நிகழ்ச்சித் தாளை வாசித்துக் காட்டினேன். பத்தேகாலுக்கு ‘கறுவாத்தோட்டம், பழைய மாளிகைகள், நடை’ என்று போட்டிருந்தது. அந்த இடத்தில் நிறுத்தி, கலா இருக்கிற வீடு அங்கேதான் என்று சொன்னேன். அம்மா அன்று பின்னேரமே கலாவுக்குப் பிடிக்கும் என்று பலாக்கொட்டை பொறுக்கப் போய்விட்டாள்.

கலா என் தங்கை. விஜயகலா. அவளுக்குப் பதின்மூன்று வயதாக இருக்கும்போது, கம்பஸில் எனக்கு முதல் வருடம் நடந்துகொண்டிருந்தபோது, கொழும்பு வீட்டு வேலைக்குப் போனாள். போன அன்றைக்கு, அக்கா படித்து முடிக்கிற வரைக்கும்தான் என்று அவளிடம் சொன்னது அம்மா இல்லை. நான். கடைசியாக வீட்டுக்கு வந்தது இரண்டு தீபாவளிக்கு முன். மாதம் ஒருதடவை சந்திக் கடைக்குப் போன் எடுப்பாள். இந்தத் தைப்பொங்கலோடு அதுவும் நின்றுவிட்டது. வீட்டு நம்பர் வேலை செய்யவில்லை. அவளைச் சேர்த்துவிட்ட கடைக்காரர் நல்லையாவைக் கேட்டால், நல்ல சனங்கள், நம்மட தமிழ் ஆக்கள், ஒன்றுக்கும் பயப்பட வேண்டாம் என்பார். போன மாதம் அவருடைய கடை வாசலில் நின்று, சாமான் வாங்க வந்தவர்கள் எல்லாம் கேட்கச் சத்தம் போட்டேன். சிகரெட் பெட்டி அட்டையைக் கிழித்து விலாசம் எழுதித் தந்தார்.

இவ்வளவு நாளும் ஏன் போய்ப் பார்க்கவில்லை என்று யாராவது கேட்டால், இரண்டாயிரத்து ஏழாம் ஆண்டு, யுத்த காலம், தமிழ் ஆள் என்றால் பஸ்ஸிலிருந்து இறக்குகிறார்கள், லொட்ஜில் தங்கினவர்களையே ஏற்றி ஊருக்கு அனுப்பினார்கள், எப்படிப் போவது என்று சொல்வேன். அது உண்மை. முழு உண்மை இல்லை. போனால் கலா என்னிடம் என்ன கேட்பாள் என்று எனக்குத் தெரியும்.

கொழும்புக்குள் நுழைகிற செக் பொயின்டில் இறக்கினார்கள். யாரும் சொல்லாமலே எங்கள் ஆட்கள் பெரட்டுக்கு நிற்பதுபோல ஒற்றை வரிசையில் நின்றுகொண்டார்கள். ஆளுக்கு ஒரு முழ இடைவெளி, கையில் அடையாள அட்டை, கண் தரையில். துரை கொடுத்த கடிதத்தைப் பொலிஸ்காரர் இரண்டு தடவை வாசித்தார். இவ்வளவு ஒழுங்கான வரிசையை இங்கே கண்டதில்லை என்று அவர் பாராட்டியபோது எனக்குக் காது சுட்டது.

வழிகாட்டி கொழும்புக் கோட்டையில் ஏறினார். விபுல என்று பெயர். நன்றாகத் தேய்த்த சேர்ட், வெள்ளைக்காரர்களோடு பேசிப் பழகிய குரல். ஆங்கிலத்தில் எங்களை வரவேற்றுவிட்டு, சாரதியின் பக்கம் திரும்பிச் சிங்களத்தில், இவர்களுக்கு மியூசியமும் ஒன்றுதான் ரப்பர் ஸ்டோரும் ஒன்றுதான், சுருக்கமாக முடித்துவிடலாம் என்றார். பின் சீட்டிலிருந்து மூக்கையா மாமா எழும்பினார். பால் வெட்டி வெட்டி வலது தோள் இறங்கிப்போன மனிதர். நல்ல சிங்களத்தில், வெகு மரியாதையாக, “ரப்பர் ஸ்டோர நாங்க தெனமும் பாக்குறோங்க மாத்தயா, இன்னைக்கு மத்தத காட்டுங்க” என்றார். பஸ் முழுக்கச் சிரித்தது. விபுலவின் கழுத்து சிவந்தது. ஆனாலும் ஆங்கிலத்தை விடவில்லை. படம் பிடிக்கிறவன் பக்கத்திலேயே நின்றான்.

மியூசியத்தில் கண்டி ராஜாவின் சிம்மாசனம், கண்ணாடிக்குப் பின்னால் வாள்கள். அம்மா எதையும் பார்க்கவில்லை. பலாக்கொட்டை சுட்டுக் கட்டிய சொப்பிங் பையை நெஞ்சோடு பிடித்துக்கொண்டு, மணி என்ன, மணி என்ன என்று என்னைக் கேட்டபடியே இருந்தாள். சுதந்திர மண்டபத்தில் விபுல குரலை உயர்த்தினார். ஆயிரத்துத் தொள்ளாயிரத்து நாற்பத்தெட்டில் இந்த நாட்டு மக்கள் எல்லாரும் சுதந்திரம் அடைந்தார்கள். மொழிபெயர்க்கச் சொல்லி என்னைப் பார்த்தார். வாயில் என்னவோ ஏறி உட்கார்ந்துகொண்டது.

“எல்லாருக்கும் சுதந்திரம் கெடச்சுச்சாம். அதே வருசந்தான் நம்ம தாத்தாமாரோட பிரஜாவுரிமைய புடுங்குனாங்க. அத இவரு சொல்லல, நான் சொல்றேன்.”

மூக்கையா மாமா தூண்களையும் கல் சிங்கங்களையும் நிதானமாக ஒரு சுற்றுப் பார்த்தார். “அதையும் இங்க வச்சுத்தான் புடுங்குனாங்களா புள்ள? எடம் நல்லா காத்தோட்டமா இருக்கு.”

என்ன சொல்கிறார் என்று விபுல கேட்டார். இடம் நல்ல காற்றோட்டமாக இருக்கிறது என்கிறார் என்றேன்.

அதற்குப் பிறகு எனக்கு அடங்கவில்லை. கறுவாத்தோட்டத்தில் இறங்கி நடக்கும்போது, இந்த மாளிகைகள் எல்லாம் கோப்பி, தேயிலை, ரப்பர் காசில் எழும்பியவை என்று விபுல சொன்னார். நான் இப்படிச் சொன்னேன்: “இந்த வீடெல்லாம் நீங்க வெட்டுன பால்ல கட்டுனதாம்.” எங்கள் லயத்துச் சுப்பம்மாக்கா உயரமான கேட் ஒன்றை மேலும் கீழும் பார்த்தாள். “அப்ப உள்ள போயி ஒரு தேத்தண்ணி கேட்டா என்னவாம்?” எல்லாரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். நாக்கு நன்றாக ஓடுகிறது, யாருக்கும் பயப்படாமல் பேசுகிறேன் என்று எனக்கு ஒரு பெருமை. அந்தப் பெருமையில் அம்மாவைப் பார்க்க மறந்துபோனேன்.

திரும்பிப் பார்த்தபோது வரிசையில் அம்மா இல்லை.

நல்லையா அட்டையில் எழுதித் தந்த நாற்பத்தொன்றாம் இலக்க வீடு எதிர்ப்பக்கம் இரண்டு மதில் தள்ளி இருந்தது. அம்மாவுக்கு எழுத்துத் தெரியாது, இலக்கம் தெரியும். கேட்டடியில் அவள் நிற்கவில்லை. உள்ளே போய்விட்டாளோ என்று நினைத்து, ரோட்டைக் கடந்து மணியை அமத்தினேன். கேட்டில் இருந்த சின்னச் சதுரக் கதவு திறந்தது. கண்ணாடி போட்ட, நரைத்த, நல்ல வடிவான அம்மாள் ஒருவர்.

“ஆர் பிள்ளை? என்ன வேணும்?”

சொன்னேன். கலாவின் அக்கா என்றதும் அவர் என் உடுப்பையும் கையில் இருந்த நிகழ்ச்சித் தாளையும் பார்த்தார். படித்தவள் நீர்தானா என்று கேட்டார். என்ன பாடம், எந்தக் கம்பஸ் என்று கேட்டார். போன் கெட்டுப்போய் நம்பர் மாற்றினது, நாட்டு நிலைமை, பொலிஸ் பதிவு, வெளியே விடப் பயம், பிள்ளை இங்கே ஒரு குறையும் இல்லாமல் இருக்கிறாள், எல்லாம் அன்பாகத்தான் சொன்னார். அந்த அன்பு எனக்கு எரிந்தது. பெற்ற தாய் வந்திருக்கிறாள், உள்ளே வரவில்லையா என்று கேட்டேன். ஒருவரும் வரவில்லை என்றார்.

“இப்பிடிச் சொல்லாமக் கொள்ளாம வந்து நிண்டா நான் என்ன செய்யிறது, சொல்லும் பாப்பம்? மத்தியானச் சமையல் நடக்குது. ரெண்டு நிமிசம் கதைச்சிட்டுப் போம்.”

கலா அந்தச் சதுரத்துக்குள் வந்து நின்றாள். முகம் மட்டும்தான் தெரிந்தது. தலைமுடியைக் கழுத்தோடு கத்தரித்திருந்தார்கள். பதினேழு வயது. கன்னத்தில் மஞ்சள்தூள் ஒட்டியிருந்தது. அவள் அழுவாள் என்று நினைத்தேன், அழவில்லை.

“அம்மா வரலயாக்கா?”

“வந்திருக்கு. இந்தா, இங்கதான் எங்கயோ... இப்ப வந்துரும்.”

அவள் எனக்குப் பின்னால் ரோட்டைத் தேடினாள். அங்கே யாரும் இல்லை. பிறகு என்னைப் பார்த்தாள்.

“படிச்சு முடிச்சிட்டியாக்கா?”

“முடிச்சிட்டேன்.”

“அப்ப நான் வரலாமா?”

காலையிலிருந்து எல்லாருடைய பேச்சையும் மாற்றி மாற்றிப் பேசிய வாய். மூன்று மொழி. ஒரு சொல் வரவில்லை. முடித்து ஒரு வருடமாகிறது என்பதையும், இந்த ஒரு வருடமும் இவள் அனுப்பிய காசில்தான் நான் பத்திரிகை வாங்கி வேலை விளம்பரம் பார்த்தேன் என்பதையும் எந்த மொழியில் சொல்வது? உள்ளே இருந்து, கறி அடிப்பிடிக்குது என்று குரல் வந்தது. கலா உள்ளே திரும்பிப் பார்த்தாள். பிறகு அவளே உள்ளிருந்து அந்தச் சின்னக் கதவைச் சாத்தினாள். அவளே சாத்தினாள், அதுதான்.

அம்மாவைப் பக்கத்து ஒழுங்கையில் கண்டுபிடித்தேன். ஒழுங்கை வளைந்து போய் வேறு யாரோ பெரிய ஆளின் வீட்டுப் பின்மதிலில் முட்டி நின்றது. அங்கே துவக்கோடு காவல்காரன் ஒருவன், பொலிஸ்காரர் ஒருவர். நடுவில் அம்மா. பலாக்கொட்டை எல்லாம் தார் ரோட்டில் கொட்டிக் கிடந்தன. பொலிஸ்காரர் சப்பாத்து நுனியால் ஒவ்வொன்றாக உருட்டிப் பார்த்துக்கொண்டிருந்தார். எனக்கு முன்னே விபுல ஓடி வந்திருந்தார். மூச்சு வாங்க, இந்த அம்மா என்னுடைய ஆள், என்னுடைய குழு, பொறுப்பு நான் என்று சொல்லித் தன் லைசன்ஸ் அட்டையைக் கழற்றி நீட்டினார். காலையில் அவர் வாயால் கேட்டதை நினைத்தால் இது பொருந்தவில்லை. அவரை வெறுக்கிறதையும் என்னால் ஒழுங்காகச் செய்ய முடியவில்லை.

“எங்கம்மா போன?”

“குசினிப் பக்கந்தான் தேடுனேன் புள்ள. சுத்திச் சுத்திப் பாத்தேன், வழியே இல்ல. இதுதான் போலன்னு நின்னு செருமிக்கிட்டு இருந்தேன். யாருமே வரல.”

எனக்கு விளங்கியது. துரை பங்களாவுக்கு எங்கள் லயத்து ஆட்கள் முன்பக்கத்தால் போனதே இல்லை. சாவே விழுந்தாலும் பின்னால் சுற்றிப்போய், விறகுக் கொட்டகை ஓரம் நின்று, செருமவேண்டும். குசினியில் சமைக்கிறவன் எட்டிப் பார்ப்பான். முப்பது வருடம் அப்படி நின்றவள் கொழும்பிலும் குசினிப் பக்கம் தேடினாள். முன்வாசலுக்கு வா என்று அவளிடம் சொல்ல வேண்டும் என்று எனக்குத் தோன்றவே இல்லை. நான் அவளுக்குச் சரித்திரம் சொல்லிக்கொண்டிருந்தேன்.

கையைப் பிடித்து இழுத்து வந்தேன். நாற்பத்தொன்றாம் இலக்கக் கேட்டைக் கண்டதும் அம்மா கால்களைத் தரையில் ஊன்றிக்கொண்டாள்.

“முன்வாசல்ல நிக்கிறது சரியில்ல. அந்தப் புள்ளயத்தான் ஏசுவாங்க.”

“கலாவ பாத்தேன்.”

அம்மா என் பக்கம் திரும்பினாள்.

“வரலாமான்னு கேட்டா. நான் ஒன்னும் சொல்லல. வாயடச்சு நின்னுட்டேன்.”

அம்மா என்னை ஏசுவாள் என்று நின்றேன். ஏசியிருந்தால் நன்றாக இருந்திருக்கும். அவள் மதிலைப் பார்த்தாள், மதிலுக்கு மேலே தெரிந்த ஓட்டைப் பார்த்தாள். பிறகு செருப்பைக் கழற்றி, மதிலோரம் பக்கம் பக்கமாக வைத்துவிட்டு, வெறுங்காலோடு கேட்டுக்கு நேர் எதிரே போய் நின்றாள்.

“மணிய அமத்து.”

அமத்தினேன். சந்தியிலிருந்து பஸ் ஹோர்ன் அடித்தது. மணி பதினொன்று, அடுத்த இடம் காத்திருந்தது. நான் விரலை எடுக்கவில்லை. உள்ளே எங்கோ தூரத்தில் அது அடித்துக்கொண்டே இருந்தது. பின்னால் செருப்புச் சத்தம் கேட்டது. மூக்கையா மாமா வந்து அம்மாவுக்குப் பின்னால் ஒரு முழம் தள்ளி நின்றார். அவருக்குப் பின்னால் சுப்பம்மாக்கா. அப்புறம் ஒவ்வொருவராக. யாரும் யாரையும் கூப்பிடவில்லை. நெஞ்சில் நீலக் கை விரித்தபடி, அந்தப் பெரிய ரோட்டின் ஓரமாக, மதில் நெடுக, பெரட்டு நின்றது. இந்தத் தடவை யாருடைய கண்ணும் தரையில் இல்லை. படம் பிடிக்கிறவன் கமராவைத் தூக்கினான். விபுல கையை நீட்டி அதைக் கீழே இறக்கினார். பிறகு தன் மணிக்கூட்டைப் பார்த்துவிட்டு, அதைச் சேர்ட் கைக்குள் தள்ளிக்கொண்டார்.

உள்ளே யாரோ வெறுங்காலோடு ஓடி வருகிற சத்தம்.