உப்பு சூப்பர்வைசர்

தலைமாட்டில் யார் நிற்பது என்பதில்தான் முதல் முறுக்கு விழுந்தது. மய்யத்தைக் குளிப்பாட்ட வந்த அக்கா, "மகள்மாருங்க வாங்க, ஒருத்தர் தலையப் பிடிங்க" என்று சொல்லி வாய் மூடுவதற்குள் அதிரா போய் நின்றுகொண்டாள். கோலாலம்பூரிலிருந்து வந்து இறங்கி அவளுக்கு இன்னும் மூச்சு வாங்கி முடியவில்லை. நாலு வருஷமாக உம்மாவின் தலைக்குத் தண்ணீர் ஊற்றி, துவட்டி, சிக்கெடுத்த மூத்தவள் மஹ்பூபா கால்மாட்டுக்குப் போனாள்.

இலந்தை இலை போட்ட தண்ணீரை அந்த அக்கா ஊற்ற ஊற்ற, அதிரா உம்மாவின் இடது கையைத் தூக்கிப் பிடித்தாள்.

"அந்தக் கைய அமுத்தாத. டயாலிசிஸ் கை" என்றாள் மஹ்பூபா.

"இனிமே உம்மாவுக்கு எங்கயும் வலிக்காது லாத்தா."

அதிரா மெதுவாகத்தான் சொன்னாள். சரியாகவும் சொன்னாள். அதனாலேயே மஹ்பூபாவுக்குக் கூடுதலாகக் கோபம் வந்தது. செத்துப்போன பிறகு வந்து சரியாகப் பேசுவதற்கு யாருக்குத்தான் தெரியாது?

மத்தியான லுஹர் தொழுகைக்கு ஜனாஸாவைத் தூக்கிக்கொண்டு ஆண்கள் லிஃப்டில் இறங்கினார்கள். அதிராவின் கணவன் ஹைக்கல் முன்னால் தோள் கொடுத்தான். ஜெலுத்தோங் அடுக்குமாடியின் அந்த நடைபாதை வீடுகளில் இருந்த பெண்கள் எல்லாம் கூடத்தில் உட்கார்ந்து யாசீன் ஓத ஆரம்பித்தார்கள். மஹ்பூபா உம்மாவின் அறையில் மெத்தை விரிப்பை உருவிப் போடலாம் என்று கதவைத் திறந்தாள். உள்ளே, விரிப்பை உருவ வேண்டிய கட்டிலின் நட்டநடுவில், அதிரா உட்கார்ந்திருந்தாள். கையில் அந்தக் கேம் மிஷின், அவள் கொண்டுவந்த ஒயரில் சார்ஜ் ஏறிக்கொண்டிருந்தது.

அதைக் கண்டாலே மஹ்பூபாவுக்கு ஆகாது. இரண்டு வருஷத்துக்கு முன், டயாலிசிஸ் நாற்காலியில் உம்மாவுக்குப் பொழுது போகவில்லை என்று அதிரா வாங்கி வந்தது. உள்ளங்கையில் பிடித்துக்கொண்டு சாப்பாட்டுக் கடை நடத்த வேண்டும். ஆள்கள் வரிசையாக வருவார்கள். கேட்டதைச் சமைத்துத் தட்டில் வைக்க வேண்டும். நேரமானால் முகத்தைத் தூக்கிக்கொண்டு போய்விடுவார்கள். காமாரியாவுக்கு, அதாவது உம்மாவுக்கு, அறுபத்து ஆறு வயதில் இது எங்கே பிடிபடப் போகிறது என்று மஹ்பூபா நினைத்தாள். உம்மா பிடித்த பிடியை விடவில்லை. சாயங்காலம் மக்ரிப் தொழுதானதும் கதவைச் சாத்திக்கொள்வார். போனை ஸ்பீக்கரில் போட்டு, அங்கே மகள் ஒரு கடை, இங்கே தாய் ஒரு கடை. ஒரே சிரிப்பு.

அந்தச் சிரிப்புதான் மஹ்பூபாவை அறுத்தது. அவளிடம் உம்மா பேசியதெல்லாம் "ம்", "வேணாம்", "போதும்" இவ்வளவுதான். பாயான் லெப்பாஸ் ஃபேக்டரி வேலையை விட்டுவிட்டு வீட்டோடு இருந்தவள் அவள். உப்பில்லாத கஞ்சி காய்ச்சியவள், குடிக்கிற தண்ணீரை அளந்து கொடுத்தவள். சாத்திய கதவுக்கு வெளியே மாத்திரைத் தட்டோடு நின்று, உள்ளே கேட்கும் சிரிப்பு அடங்கட்டும் என்று காத்திருந்தவளும் அவள்தான். வயிறு எரிந்தது. அதற்கு வேறு நாகரிகமான பெயர் எதுவும் அவளுக்குத் தேவைப்படவில்லை.

"படிக்க மாட்டேங்குது லாத்தா" என்றாள் அதிரா, நிமிராமல்.

"எது?"

"கேம் கார்டு. பாரு."

திரையில் கார்டு படம் போட்டு, படிக்க முடியவில்லை, எடுத்து மறுபடி போடு என்று எழுதியிருந்தது. அதிரா நகத்தளவு இருந்த கார்டை எடுத்துப் போட்டாள். அதே எழுத்து. மிஷினை அணைத்துப் போட்டாள். அதே எழுத்து. தன் பைக்குள்ளிருந்து அவளுடைய சொந்தக் கார்டு ஒன்றை எடுத்துச் செருகினாள். அதற்கும் அதே பதில்தான்.

"அப்ப கார்டுல தப்பில்ல. உள்ள, கார்டு போடற எடத்துலதான்."

"குடு இப்படி." மஹ்பூபா கார்டை வாங்கி வாயருகே கொண்டுபோனாள்.

"ஊதாத! எச்சி ஈரம் பட்டா இன்னும் கெட்டு ரோசாக் ஆயிரும்."

மஹ்பூபா கார்டைக் கட்டில்மேல் வைத்தாள். "இன்னைக்கே நோண்டணுமா இத? வெளிய ஓதிக்கிட்டு இருக்காங்க."

"உம்மா எங்க விட்டாங்கன்னு ஒரு தடவ பாத்துக்கிறேன் லாத்தா. நேத்து சாயங்காலம்கூட, கேம்ல பெருநாள் கூட்டத்த ஒத்தையாளா சமாளிச்சேன்னு சொன்னாங்க."

நேற்று சாயங்காலம். மஹ்பூபா மாத்திரையோடு உள்ளே போனபோது மிஷின் உம்மாவின் மடியில்தான் இருந்தது. திரை கறுப்பாக இருந்தது. "சார்ஜ் இல்ல" என்று உம்மா அதைக் கவிழ்த்து வைத்தார். முந்தாநாளும் சார்ஜ் இல்லை. அதற்கு முந்திய வாரமும் இல்லை. சார்ஜர் ஒயரோ கட்டிலுக்கு அடியில் சுருட்டியபடி, தூசி படிந்து கிடக்கிறது. கூட்டிப் பெருக்குகிறவளுக்கு அது தெரியாதா?

அவளுக்குச் சட்டென்று விளங்கியது. உம்மா விளையாடவே இல்லை. இந்தப் பெட்டி எப்போதோ கெட்டுப் போயிருக்கிறது. உம்மா அதிராவிடம் பொய் சொல்லியிருக்கிறார், தினமும், சிரித்துக்கொண்டே.

தாயை அடக்க எடுத்துப் போன நாளில் ஒருத்திக்கு வரக்கூடாத சந்தோஷம் மஹ்பூபாவுக்கு வந்தது. அதை அவள் தள்ளிவிடவும் இல்லை. இந்தக் கேம் திறந்ததும் கடையின் பெயரும் அதன் பக்கத்தில் கடைசியாக விளையாடிய தேதியும் வரும். உம்மா திறக்கும்போது அவள் எத்தனையோ தடவை பார்த்திருக்கிறாள். அந்தத் தேதியை அதிரா தன் கண்ணால் பார்க்க வேண்டும். இத்தனை நாளாகத் தான் கேட்டதெல்லாம் வெறும் கறுப்புத் திரையை வைத்துச் சொன்ன கதை என்று அவளுக்குத் தெரிய வேண்டும். மற்றதை மஹ்பூபா வாய் திறந்து சொல்ல வேண்டிய அவசியமே இல்லை.

"இரு, ஸ்பிரிட் பஞ்சு இருக்கு" என்று அவள் துள்ளி ஓடினாள். சர்க்கரை பார்க்கும் பெட்டியிலிருந்து ஒரு கைப்பிடி பொட்டலங்களை அள்ளி வந்தாள்.

"தேங்க்ஸ் லாத்தா" என்றாள் அதிரா. பாவம், பாசம் என்று நினைத்துக்கொண்டாள்.

அதிரா கார்டின் பித்தளைப் பற்களைத் துடைத்தாள். பஞ்சு பழுப்பாக வந்தது. இன்னொரு பொட்டலத்தைப் பிரித்து, கார்டில் ஸ்பிரிட்டை ஈரமாகத் தடவி, உள்ளே செருகுவதும் எடுப்பதுமாக இருந்தாள். ஒவ்வொரு தடவையும் பிசுக்கு வந்தது. அறை முழுக்க ஒரு வாசனை எழும்பியது. இரண்டு பேரும் ஒரே நேரத்தில் மூக்கைச் சுருக்கினார்கள்.

ஜாதிக்காய் எண்ணெய். மஹ்பூபா பாலிக் புலாவ் போய் வாங்கி வருவது. மரத்துப்போன உம்மாவின் விரல்களில் ஒவ்வொரு நாளும் மக்ரிபுக்கு முன்னால் அவள்தான் தேய்த்துவிடுவாள்.

"உன் எண்ணெய்தான் லாத்தா" என்றாள் அதிரா.

"நான் என்னா, மிஷினுக்கா தேய்ச்சேன்? விரல் மரத்துப் போச்சுன்னு அழுதா தேய்க்காம இருக்க முடியுமா?"

"உன்னச் சொல்லல லா. வாங்கிக் குடுத்த அன்னைக்கே உம்மாகிட்ட சொன்னேன். எண்ணெக் கையோட கார்டத் தொடாதீங்க, வெளையாடி முடிச்சப்புறம் தேய்க்கச் சொல்லுங்கன்னு. அதுக்கு அவங்க, உன் லாத்தா வர்ற நேரத்துக்கு நான் கைய நீட்டணும், இப்ப வேணாம்னு சொன்னா மொகம் வாடிப்போயிரும்னாங்க."

இதை எப்படி எடுத்துக்கொள்வது என்று மஹ்பூபாவுக்குப் புரியவில்லை. தன் முகத்துக்கு உம்மா பயந்தாரா, இரங்கினாரா? இரண்டுமே அவளுக்குப் பிடிக்கவில்லை. எதுவானாலும் அதை இவளிடம் போய்ச் சொல்லியிருக்கிறாரே.

"காயட்டும்" என்று அதிரா மிஷினை ஃபேன் காற்றில் வைத்தாள். பக்கத்து வீட்டு ஃபாத்தின் இரண்டு குவளை டீ கொண்டுவந்து வைத்துவிட்டு, மிஷினைப் பார்த்தும் பார்க்காத மாதிரி போனாள். கீழே மோட்டார் சைக்கிள்கள் போய்க்கொண்டிருந்தன. இந்நேரம் கபுறில் மண் தள்ளிக்கொண்டிருப்பார்கள். மஹ்பூபாவின் நினைப்பெல்லாம் ஃபேனுக்குக் கீழே இருந்த பெட்டியில் இருந்தது. கதவுக்கு வெளியே நிற்பது எப்படி இருக்கும் என்று இவளும் கொஞ்சம் பார்க்கட்டும்.

அதிரா கார்டைப் போட்டாள். திரை ஒரு கணம் யோசித்தது. பிறகு படார் என்று கும்மாளமான பாட்டு கிளம்ப, அவள் பதறிப்போய் உள்ளங்கையால் ஸ்பீக்கரைப் பொத்தினாள். கூடத்தில் ஓதும் சத்தம் நிற்கவில்லை. திரையில் காமாரியா ஸ்டால் என்ற பெயர் வந்தது. பக்கத்தில் தேதி வந்தது. ஹஜ்ஜுப் பெருநாளுக்கும் முந்திய தேதி. இரண்டு மாதம் முழுசாகக் கழிந்திருந்தது.

"நேத்து வெளையாடுனாங்கன்னு சொன்ன?" என்றாள் மஹ்பூபா. குரலைச் சாதாரணமாக வைத்துக்கொள்ள அவள் மெனக்கெடவில்லை.

அதிரா தேதியைத் தடவிப் பார்த்தாள். "வெளையாடுனாங்கன்னு சொல்லல. சொன்னாங்கன்னுதான் சொன்னேன்."

"அப்படின்னா?"

"எனக்குத் தெரியும் லாத்தா. அவங்க கடைசியா எப்ப ஆன்லைன் வந்தாங்கன்னு என் மிஷின்ல காட்டும். கெட்டுப்போன ரெண்டு மூணு நாள்லயே தெரிஞ்சுபோச்சு."

மஹ்பூபாவுக்கு ஓங்கிய கை அந்தரத்தில் நின்ற மாதிரி ஆனது. "தெரிஞ்சுமா தெனம் கேட்ட?"

"கேட்டாத்தானே சொல்வாங்க. ரோசாக் ஆயிருச்சுன்னு ஒத்துக்கிட்டா, அப்புறம் நான் ஒடம்பப் பத்திக் கேப்பேன். அவங்க அழுவாங்க, நானும் அழுவேன். அதுக்கு இது பரவாயில்லல?"

"கேமே இல்லாம அப்படி என்னாத்தத்தான் சொன்னாங்க, தெனம் தெனம்?"

"கடைக்குப் புதுசா ஒரு சூப்பர்வைசர் வந்திருக்குன்னு ஆரம்பிச்சாங்க."

"இதுலதான் சூப்பர்வைசரே கெடையாதே."

"கெடையாது. ஒசரமா ஒரு பொம்பளையாம். உப்பு டப்பாவ அலமாரில வச்சுப் பூட்டிட்டாளாம். தண்ணிய அளந்துதான் விடுவாளாம். ஒரு நாள் அவ கண்ணுல மண்ணத் தூவிட்டு ரெண்டு துண்டு கருவாடு வித்துட்டேன்னு அன்னைக்கு ஒரே சிரிப்பு."

"வியாழக்கெழமையா?"

"இருக்கும்லா. ஏன்?"

"எனக்குக் கருவாட்டு வாசனை வந்துச்சு. பக்கத்து வீட்லன்னு சாதிச்சாங்க." ஃபாத்தின் டீ வைத்துவிட்டுப் போன வாசலை மஹ்பூபா ஒரு பார்வை பார்த்தாள். அதிரா வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள். மஹ்பூபா சிரிக்கவில்லை.

"வேற என்னா சொன்னாங்க, அவளப் பத்தி?"

"திட்டுனதுதான் நெறைய."

"திட்டட்டும். சொல்லு."

அதிரா மிஷினை மடியில் வைத்தாள். "இருமினாப் போதுமாம், கீழ பாயிலருந்து எந்திரிச்சு உக்காந்துருவாளாம். எத்தன மணியானாலும். அதனால இருமலயே முழுங்கிக்கிறேன்னாங்க. சம்பளம் இல்லாத வேலைக்கு இப்படி ஒரு ஆள் எந்தக் கடைக்கும் கெடைக்காதுன்னாங்க."

மஹ்பூபா விரிப்பின் ஓரத்தை விரலில் சுற்றிக்கொண்டு நின்றாள்.

"நானும் பேச்ச மாத்திப் பாத்தேன்" என்றாள் அதிரா. "கூட்டம் எப்படி, புதுசா என்னா பலகாரம்னு. சுத்திச் சுத்தி சூப்பர்வைசர்கிட்டயே வந்து நிப்பாங்க. போன் பண்றது நான். எனக்கு வயிறெரிஞ்சுச்சு லாத்தா."

மஹ்பூபாவுக்குப் பொறாமை போய்விட்டதா என்றால், இல்லை. இரண்டு மாதமாக ஒவ்வொரு சாயங்காலமும் அவளைப் பற்றியே ஒரு கதை இந்த அறைக்குள் ஓடியிருக்கிறது. அவள் தட்டோடு வெளியே நின்றிருக்கிறாள். ஒரு வார்த்தைகூட அவளிடம் சொல்லப்படவில்லை. இனி சொல்லவும் ஆள் இல்லை. அத்தனையும் இவள் ஒருத்தியின் தலைக்குள் இருக்கிறது, நாளை மறுநாள் இவள் அதை எடுத்துக்கொண்டு கோலாலம்பூருக்குப் போய்விடுவாள்.

"மஹ்பூபா, ஆம்பளைங்க கபுறுலருந்து கெளம்பிட்டாங்களாம்" என்று கூடத்திலிருந்து யாரோ குரல் கொடுத்தார்கள்.

"வர்றோம்" என்று சொல்லிவிட்டு மஹ்பூபா கட்டிலுக்கு வந்தாள். "நகரு."

அதிரா நகர்ந்தாள். மஹ்பூபா அவளை ஒட்டி உட்கார்ந்தாள்.

"மொத நாளு என்னா சொன்னாங்க? அங்கருந்து சொல்லு."

"இப்பவா? எல்லாம் ஞாபகம் இருக்குமா லாத்தா?"

"இருக்கிறதெல்லாம் சொல்லு. எதையும் நீயா வச்சுக்காத."

அதிரா தலையில் போட்டிருந்த தூடோங் நுனியால் முகத்தைத் துடைத்தாள். துடைத்த கையைக் கீழே விட்டபோது அவள் கட்டைவிரல் மிஷினின் ஏதோ பொத்தானில் பட்டு, கடை திறந்துகொண்டது.

"மொத நாளு… அவ உள்ள வந்ததும், மொத வேலையா, ஊறுகாய் ஜாடியத் தூக்கிட்டாளாம்…"

"ம்" என்றாள் மஹ்பூபா.

அதிராவின் மடியில் ஆள்கள் ஒவ்வொருவராக வந்து வரிசையில் நின்றார்கள். தட்டைத் தட்டிப் பார்த்தார்கள், முகத்தைத் தூக்கினார்கள், ஒவ்வொருவராகத் திரும்பிப் போனார்கள். கடையில் அவர்களைக் கவனிக்க யாரும் இல்லை.