வழுக்கித் திரும்பிய ஆட்டோ

“கைய எடு புள்ள, மறைக்குது! இப்பதான் அந்த வளைவு வருது!”

சுலக்ஷனா ஊட்ட வந்த கஞ்சியை அம்மா ஜீவராணி ஒதுக்கிவிட்டாள். போன் திரையில் ஒரு சிவப்புக் கார், மலைப்பாதை வளைவில் பக்கவாட்டாகவே சறுக்கிப் போனது. பின்சக்கரங்கள் புகையைக் கக்க, பள்ளத்தின் விளிம்பை உரசித் திரும்பி நேரானது. அம்மா கைதட்டினாள். ஊசி ஏறி ஏறிக் கறுத்த கைகள்.

இனிச் செய்ய ஒன்றுமில்லை என்று ஆஸ்பத்திரியில் கைவிரித்த பிறகு, அவளைப் பொகவந்தலாவைக்கு, தேயிலைத் தோட்டத்து லயத்து வீட்டுக்கே கூட்டி வந்திருந்தார்கள். வந்ததிலிருந்து இந்தப் படம்தான்.

“அப்படி என்னம்மா இருக்கு இதுல?”

“நாம வளைவுக்கு வளைவு பயந்து பயந்து போறோம். இவன் வண்டிய விழ விட்டுட்டு, விழாமப் போறான் பாரு! எனக்கும் ஒருக்கா அப்புடிப் போகணும்.”

உள்ளே வந்த அம்மாவின் தம்பி பிரதாப் அதைக் கேட்டுவிட்டான். “வாக்கா, என் ஆட்டோ நிக்குது. கிரவுண்டும் மழையில ஊறிக் கெடக்கு.”

“கிறுக்காடா ஒனக்கு? அவ இருக்கிற நெலமையில...” அப்பா நல்லமுத்து சீறினார்.

“எந்த நெலமையில?” என்றாள் அம்மா.

அப்பாவே அவளைத் தூக்கிக்கொண்டு போய் ஆட்டோவில் உட்கார வைத்தார்.

வெறிச்சோடிக் கிடந்த மைதானத்தில் பிரதாப் வேகம் எடுத்தான். ஹேண்டிலை ஒரே வெட்டாக வெட்டினான். ஆட்டோவின் பின்பக்கம் வழுக்கிக்கொண்டு போனது. சேறு இரண்டு ஆள் உயரம் எழும்பியது. தேயிலையும் கோயிலும் லயங்களும் ஒரே பச்சைக் கோடாகச் சுழன்றன. ஒரு சக்கரம் மண்ணை விட்டுக் கிளம்ப, அம்மாவை இறுக்கிப் பிடித்திருந்த சுலக்ஷனா அலறினாள்.

“இன்னொருக்காடா!” அம்மா கூவினாள்.

மைதான ஓரத்தில் அப்பா சேறு தெறிக்க கூடவே ஓடி வந்தார். திட்டத்தான் வருகிறார் என்று நினைத்தாள் சுலக்ஷனா.

“நல்லாப் புடிச்சுக்க ஜீவா! டேய், இந்தப் பக்கம் வெட்டுடா, இந்தப் பக்கம்!”

நான்கு பேருமே சிரித்தார்கள்.

வீட்டுக்கு வந்து அம்மா தேத்தண்ணி கேட்டு வாங்கிக் குடித்தாள். கண்ணை மூடிப் படுத்தவள், பொழுது சாயும்போது எழுப்பியும் எழும்பவில்லை.

காலையில் குளிப்பாட்ட வந்த பெரியம்மா வீரம்மா, அம்மாவின் தலையைத் திருப்பினாள். “படுக்கையில கெடந்தவளுக்கு காதுக்குப் பின்னால எப்புடி சேறு?”

சுலக்ஷனா வெளியே பார்த்தாள். பந்தல் கட்டுகிறவர்களுக்குக் கயிறு எடுத்துக் கொடுத்துக்கொண்டிருந்தார் அப்பா. அவர் இடுப்பில் கட்டியிருந்த சாரத்தில் முழங்கால் வரை சேறு காய்ந்திருந்தது. இன்னும் மாற்றவில்லை.