பெயரை அழித்த இடத்தில் கடை எண்

எக்ஸ்ரே அக்கா என்றால் மருத்துவமனை முழுக்கத் தெரியும். வேலை முடிந்து வீட்டில் அவள் என்ன செய்கிறாள் என்பதுதான் யாருக்கும் தெரியாது. மழையில் கடிதம் சுமக்கும் தபால்காரியைப் பற்றி ஒரு சின்ன வீடியோ கேம். எங்கோ இருக்கும் ஒரு பெண் தனியாளாக உருவாக்கியது. கம்ப்யூட்டரில் மட்டும் ஓடிய அதை, இருபது வருடப் பழைய கையடக்க கேம் கருவியில் ஓடவைக்க அக்கா இரண்டு வருடம் மாரடித்தாள். படம் படமாக நிறத்தைக் குறைத்தாள். மழைச் சத்தத்தைத் துண்டு துண்டாக வெட்டினாள். விற்கக் கூடாது, தன் பெயர் இருக்க வேண்டும் என்று மட்டும் சொல்லி அந்தப் பெண் சம்மதித்திருந்தாள். அக்கா அதை இணையத்தில் இலவசமாகப் போட்டு, சந்தேகம் கேட்கத் தன் போன் எண்ணையும் கொடுத்திருந்தாள்.

ஒரு மதியம் போன் வந்தது.

"மேடம், உங்க கேம்ல சேவ் ஆக மாட்டேங்குது. கஸ்டமர் கடையில வந்து கத்துறாங்க. எப்ப சரி பண்ணித் தருவீங்க?"

"எந்தக் கடைங்க?"

சாப்பாட்டு இடைவேளையில் வெள்ளைக் கோட்டைக்கூடக் கழற்றாமல் அந்தக் கடைக்குப் போனாள். கண்ணாடி அலமாரியில் பழைய கருவிகள் விலை ஒட்டி வரிசையாக இருந்தன. ஒன்றை எடுத்து ஆன் செய்தாள். முதல் திரையில் அந்தப் பெண்ணின் பெயர் இல்லை. கடையின் போன் எண்ணைக் கொட்டை எழுத்தில் போட்ட ஒரு படம் இருந்தது. அந்தப் பெரிய படத்தைத் திணித்ததில் சேவ் ஆகும் இடமே அழிந்திருந்தது.

"யாரைக் கேட்டு விக்கிறீங்க?"

"நெட்ல சும்மாதானே கெடந்துச்சு?" என்றார் கடைக்காரர்.

"சும்மா குடுத்தேன். சும்மா வந்துச்சுன்னு நெனச்சீங்களா?"

"கோவப்படாதீங்க மேடம். உங்களுக்கும் விளம்பரம்தானே?"

"பேரையே அழிச்சுட்டு என்னய்யா விளம்பரம்?"

புகார் சொல்ல வந்த அம்மாள் பக்கத்திலேயே நின்றிருந்தார். "என் பொண்ணு அஞ்சு தடவ மொதல்லேர்ந்து ஆடிட்டாம்மா." அக்கா தன் பையிலிருந்த, அசல் கேம் உள்ள மெமரி கார்டை அவர் கருவியில் போட்டுக் கொடுத்தாள். திரையில் தெரிந்த பெயரைக் காட்டி, "இவங்கதான் பண்ணாங்க" என்றாள்.

"அப்படியே மத்ததுலயும் போட்டுடுங்களேன்," என்று இளித்தார் கடைக்காரர்.

"செத்தாலும் மாட்டேன்."

நடந்ததையெல்லாம் அன்றே அந்தப் பெண்ணுக்கு எழுதினாள். மறுநாள் பதில் வந்தது: 'உங்கள் மேல் கோபமில்லை. ஆனால் இனி வேண்டாம், எடுத்துவிடுங்கள்.'

நியாயம்தான். அதுதான் இன்னும் எரிந்தது. பல்லைக் கடித்துக்கொண்டு எல்லாவற்றையும் அழித்தாள்.

சாயங்காலம் யாரோ முகம் தெரியாதவர் கேட்டிருந்தார்: 'எடுத்துட்டீங்களா? இனி எங்க கிடைக்கும்?'

கிடைக்கிற ஒரே இடம் அவளுக்குத் தெரியும்: அந்தக் கடையின் கண்ணாடி அலமாரி. லேப்டாப்பை அறைந்து மூடினாள்.