காகிதத்தில் ஒரு பாதம்

என் தம்பி ஆர்ச்சி எடின்பரோவில் அறுவை மருத்துவம் படித்து, இருபத்து நான்கு வயதில் இந்தியாவுக்குக் கப்பலேறியவன். பூர்ணியா ஜில்லாவுக்கு அவன்தான் சர்ஜன். கண்புரை எடுப்பான், கல்லடைப்புக்குக் கீறுவான், சிறைக்கைதிகளுக்கும் அவனே டாக்டர். காய்ச்சலுக்கு மனைவியைப் பறிகொடுத்ததும், ஐந்து வயது மகள் லிலியஸை ஒரு பாதிரியார் குடும்பத்தோடு எங்கள் ஊர் மான்ட்ரோஸுக்கு, என்னிடம் அனுப்பிவிட்டான். அங்கே வேலை பார்க்கிற எங்கள் நாட்டு ஆட்கள் எல்லோரும் செய்வதுதான். எனக்கு மட்டும் அது பிடித்ததே இல்லை.

ஒவ்வொரு மார்ச்சிலும் லிலியஸ் வெறுங்காலைக் காகிதத்தில் வைத்து, சுற்றிலும் பென்சிலால் கோடு இழுப்பாள். அதைத் தபாலில் அனுப்புவோம். அந்த அளவுக்கு ஆர்ச்சி அங்கே ஷூ தைக்கச் சொல்லி அனுப்புவான். அது கடல் தாண்டி வருவதற்குள் இவள் கால் வளர்ந்திருக்கும். ‘எலும்பை அளந்து அறுக்கத் தெரிந்தவனுக்கு அரை அங்குலம் கூட்டிச் சொல்லத் தெரியாதா’ என்று எழுதினேன். அடுத்த வருடம் கச்சிதமாக இருந்தது. லிலியஸ் அதைக் கழற்றாமலே தூங்கினாள்.

அவளுக்கு வேண்டியதெல்லாம் அப்பா ஒரு தடவை வந்து நிற்க வேண்டும், அவ்வளவுதான். மூன்று முறை லீவில் வருவதாக எழுதினான். ஒரு முறை காலரா, ஒரு முறை வெள்ளம், மூன்றாம் முறை மாற்று ஆள் கிடைக்கவில்லை. அந்தக் கடிதம் வந்தபோது அவளுக்குப் பதினொன்று.

“அத்தை, யாரு கூப்பிட்டா அப்பா உடனே கிளம்பிப் போவாரு?”

“டாக்டராச்சே, சீக்காளிங்க கூப்பிட்டாதான் போவாரு. நம்மள மாதிரி கல்லு மாதிரி இருக்கறவங்கள யாரு பார்ப்பா?” என்றேன். வாயை மூடிக்கொண்டு இருந்திருக்கலாம்.

அதற்குப் பிறகு வந்த ஷூக்கள் எதுவும் காலில் நுழையவில்லை. தம்பிக்கு மறதி என்று நினைத்தேன். அவனோ, அவளுக்கு மீன் எண்ணெய் கொடு, பால் கொடு, நடந்தால் நொண்டுகிறாளா என்று கேட்டு எழுதிக்கொண்டே இருந்தான். நான் என்னவோ அவன் பிள்ளையைப் பட்டினி போடுவது போல. எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. நன்றாக இருக்கிறாள் என்று ஒற்றை வரியில் பதில் போட்டேன். லிலியஸ் மட்டும் அந்த நாற்றம் பிடித்த எண்ணெயை முகம் சுளிக்காமல் குடித்தாள்.

மூன்றாம் வருடம் ஜூன் மாதம், நான் அடுப்பில் ஓட்ஸ் ரொட்டி சுட்டுக்கொண்டிருந்தபோது ஆர்ச்சி வாசலில் நின்றான். தந்திகூட இல்லை. தலை நரைத்து, முகம் மஞ்சள் பூத்திருந்தது. கல்கத்தாவில் வரவிருந்த பெரிய பதவியை வேண்டாமென்று எழுதிக் கொடுத்துவிட்டு வந்திருந்தான்.

லிலியஸ் மாடியிலிருந்து இறங்கி வந்தாள். அவன் உயரம் இருந்தாள். அவன் அவள் முகத்தைக்கூடப் பார்க்கவில்லை. தொப்பியோடு மண்டியிட்டு, அவள் ஷூவைக் கழற்றி, கணுக்காலை அழுத்திப் பார்த்தான்.

“வலிக்குதாம்மா?”

“இல்லப்பா.”

சட்டைப் பையிலிருந்து அவள் அனுப்பிய மூன்று காகிதங்களை எடுத்துத் தரையில் விரித்தான். மூன்றிலும் ஒரே அளவு, மூன்று வருடமாக வளராத கால். அவள் பாதத்தை ஒன்றின் மேல் வைத்தான். விரல்கள் கோட்டைத் தாண்டி வெளியே நின்றன.

“பழைய ஷூவை வெச்சு வரைஞ்சேன்,” என்றாள் லிலியஸ். “சீக்காளிங்க கூப்பிட்டாதான் நீங்க வருவீங்கன்னு அத்தை சொன்னாங்க.”

எனக்கு அடுப்படிக்குப் போய் அழ வேண்டும் போல இருந்தது. திட்டுவான் என்று எதிர்பார்த்தேன். அவன் அந்தப் பாதத்தை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டான்.

“அக்கா, பென்சில் இருக்கா?”

கொடுத்தேன். காகிதத்தைத் திருப்பிப் போட்டு, குதிகாலிலிருந்து மெதுவாகக் கோடு இழுக்க ஆரம்பித்தான்.

“இது எதுக்குப்பா?”

“அடுத்த ஷூவுக்கு. இந்த வாட்டி சரியான அளவு.”

“எப்ப திரும்பிப் போறீங்க?”

“அக்டோபர்ல.”

பென்சில் சுண்டுவிரலுக்கு வந்திருந்தது. லிலியஸ் காலை இழுத்துக்கொண்டாள்.