தோற்றவருக்கே நாற்காலி

வாயுள்ள பிள்ளை பிழைக்கும் என்று சொல்பவர்கள் எங்கள் சபைக்கு வந்ததில்லை. இங்கே வாதத்தில் தோற்றவரைத்தான் மேலே ஏற்றுவார்கள். ஜெயித்தவன் என்ன அறிவோடு வந்தானோ அதே அறிவோடு வீட்டுக்குப் போகிறான். தோற்றவருக்குத்தான் புதிதாக ஒன்று தெரிந்திருக்கிறது. ஆகவே கற்பிக்கும் நாற்காலி அவருக்கே. எங்கள் தத்துவம் மொத்தமும் இவ்வளவுதான். மற்றதெல்லாம் உரைகள்.

பொய்யாகத் தோற்கவும் முடியாது. ஆளுக்கொரு விளக்கு உண்டு. உள்ளங்கை அகலம்தான், எண்ணெயும் கிடையாது, திரியும் கிடையாது. வைத்திருப்பவரின் மனம் நிஜமாகவே மாறினால் தானாகப் பற்றிக்கொள்ளும். சும்மா தலையாட்டினால் பற்றாது. நான் ஆட்டிப் பார்த்திருக்கிறேன், கழுத்து வலித்ததுதான் மிச்சம்.

என் விளக்கு ஒருநாளும் எரிந்ததில்லை. கொடுத்த அன்று இருந்த பளபளப்பு அப்படியே இருக்கிறது. சபையில் எனக்கு ஏணி என்று பெயர். இன்றைய தலைவி முதற்கொண்டு மேலே இருப்பவர்கள் எல்லாரும் என்னிடம் தோற்று ஏறியவர்கள். பதவி வேண்டுமென்றால் காலையிலேயே என் வீட்டு வாசலில் வந்து நிற்பார்கள், "ஐயா, சின்னதா ஒரு வாதம்" என்று. நானும் வாயை வைத்துக்கொண்டு சும்மா இருக்க மாட்டேன்.

இந்த வருடம் தலைவி என்னைக் கூப்பிட்டு, காலியாக இருப்பது ஒரே ஒரு நாற்காலி என்றும், இந்தமுறையும் விளக்கு எரியாவிட்டால் நான் வாசல் காவலுக்குப் போக வேண்டும் என்றும் சொன்னாள். சாவிக்கொத்தைக்கூட எடுத்துக் காட்டினாள். எப்படியாவது தோற்றுவிட வேண்டும் என்று, கற்களுக்கும் பசிக்கும் என்று வாதாடினேன். இதில் தோற்காமல் வேறு எதில் தோற்பது? பேசி முடித்தபோது சபையில் பாதி விளக்குகள் எரிந்துகொண்டிருந்தன. மறுநாள் சபையின் கல் படிக்கட்டில் யாரோ சோறு வைத்திருந்தார்கள்.

கடைசி வாய்ப்பாக, நாற்காலி யாருக்கு என்று முடிவாகும் வாதம் மிச்சம் இருந்தது. எதிரில் வந்து நின்றது என் மகள். கடைசி பெஞ்சு மாணவி. சின்ன வயதில் தலையணைகளை வரிசையாக உட்காரவைத்துப் பாடம் நடத்தியவள். அந்த நாற்காலி மேல் அவளுக்கு எவ்வளவு ஆசை என்று எனக்குத் தெரியும். ஆனாலும் அவள் வந்தது என்னைத் தோற்கடித்துக் காப்பாற்ற.

"எங்கப்பா மனசு மாறவே மாறாதுன்னு எல்லாரும் நினைக்கிறீங்க. அது தப்பு. அவரு மாறுவாரு. ஆனா இங்க மாட்டாரு, வீட்ல. விளக்கு இங்க அலமாரியில இருக்கும், அவரு அங்க குளிக்கப் போயிருப்பாரு. குளிச்சுட்டு வரும்போது ஆளே மாறியிருப்பாரு" என்றாள்.

சபை சிரித்தது.

"நாய் வேணாம்னு ஒரு மாசம் குதிச்சாரு. இப்ப அது கட்டில்ல தூங்குது, இவரு தரையில படுக்குறாரு. கேட்டா, நாய் வாங்கச் சொன்னதே நான்தான்னு சொல்லுவாரு."

அங்கேயே தலையைக் குனிந்துகொண்டு "ஆமாம்மா" என்று சொல்லியிருக்கலாம். பிடித்த முயலுக்கு மூன்றே கால் என்கிற என் குணம் விடுமா? எழுந்தேன்.

"மனசு மாறினவனுக்குப் பழைய மனசு ஞாபகம் இருக்கணும். நான் நாய் வேணாம்னு சொன்னதா எனக்கு ஞாபகமே இல்ல. இல்லாத ஒண்ண எப்படிம்மா மாத்த முடியும்? தரையில படுக்குறது முதுகுக்காக."

அதை வைத்துக்கொண்டு இழுத்து இழுத்துப் பேசினேன். என்னை எனக்கே பிடித்துப்போகும் அளவுக்குப் பேசினேன். எதிரே மகள் கையில் இருந்த விளக்கு குப்பென்று பற்றிக்கொண்டது. அவள் அதைப் பார்த்தாள், பிறகு என்னைப் பார்த்தாள். அழுவாள் போல இருந்தது.

நாற்காலி மகளுக்கு என்று தலைவி அறிவித்தாள். வழக்கப்படி ஒரு நிபந்தனையும் சொன்னாள்: பொழுது சாய்வதற்குள் ஜெயித்தவரின் விளக்கும் எரிந்தால் முடிவு தலைகீழாகும், நாற்காலி அவருக்கு, மகள் மறுபடி பெஞ்சுக்கு. எல்லாரும் என்னைப் பார்த்துச் சிரித்தார்கள். விழுந்தாலும் மீசையில் மண் ஒட்டவில்லை என்பதுபோல நானும் சிரித்தேன். சாவிக்கொத்தையும், பொழுது சாயும்வரை வைத்திருக்க என் விளக்கையும் கையில் கொடுத்து அனுப்பினார்கள்.

வீட்டுக்கு நடந்தோம். தெரு திரும்பியதும் மகள் ஆரம்பித்துவிட்டாள்: முதல் பாடம் என்ன எடுப்பது, கடைசி பெஞ்சை முன்னால் கொண்டுவந்து போட்டால் என்ன என்று. பேசிக்கொண்டே எனக்கு இரண்டடி முன்னால் போனாள். அவள் இவ்வளவு சந்தோஷமாக நடந்து நான் பார்த்ததில்லை.

அப்போதுதான் ஞாபகம் வந்தது. மழை நாள். வாசலில் ஒரு நாய்க்குட்டி நடுங்கிக்கொண்டிருக்கிறது. துடைப்பத்தோடு அதைத் துரத்திக்கொண்டு நிற்பது சாட்சாத் நான்தான். "இந்தச் சனியன் வீட்டுக்குள்ள வந்தா நான் வெளியே போயிடுவேன்" என்று கத்தியதும் நான்தான். மகள் சொன்னது அத்தனையும் உண்மை.

கையில் சுட்டது. குனிந்து பார்த்தால் விளக்கு எரிகிறது. என் விளக்கு.

சுவர்களில் இன்னும் வெயில் இருந்தது. திரும்பி ஓடினால் சபையின் கதவு மூடுவதற்குள் போய்விடலாம். ஆசையாக இருந்தது, பொய் சொல்வானேன். வாழ்நாளெல்லாம் காத்திருந்த வெளிச்சம் அது. முன்னால் மகள், கரும்பலகையை எந்தப் பக்கம் மாட்டலாம் என்று கையை வீசிக் காட்டிக்கொண்டு நடந்தாள். நான் விளக்கைத் துண்டுக்குள் சுருட்டி, இரண்டு கையாலும் வயிற்றோடு அழுத்திக்கொண்டேன்.

"அப்பா, ஏதோ கருகுற வாசன வருதுல்ல?"

"யார் வீட்லயோ அடுப்ப மறந்துட்டாங்க போல. நீ முன்னாடி பாத்து நட."

கொஞ்ச தூரம் போனதும், திரும்பிப் பார்க்காமலே கேட்டாள்: "நான் சொன்னதுல ஒரு துளிகூட நியாயம் இல்லையாப்பா?"

துண்டுக்குள் விரல்கள் வெந்துகொண்டிருந்தன.

"ஒரு துளிகூட இல்லம்மா" என்றேன்.