இலை ஒரு வீட்டில், பூ ஒரு வீட்டில்

இண்டூரில் பானுமதி தன் வீட்டுத் தொட்டியில் நட்ட கிழங்கு, பூவை அவள் வீட்டிலும் இலையை எதிர்வீட்டுச் செல்லம்மாள் வாசலிலும் விட்டது. நடுவே தார்ச்சாலை இருந்தது. அந்த வருஷம் தக்காளி விலை சரிந்து கிடந்ததால் ஊரில் யாரும் இதைப் பெரிதாகப் பேசவில்லை.

பானுமதி தருமபுரியில் ஒரு கல்லூரியில் தாவரவியல் சொல்லிக்கொடுப்பவள். முனைவர் பட்டத்துக்காக நரிவெங்காய வகைகளை இனம் பிரித்துக்கொண்டிருந்தாள். இவற்றில் பூவும் இலையும் ஒன்றையொன்று பார்ப்பதேயில்லை. கோடையில் மொட்டைத் தண்டில் பூ; அது உதிர்ந்து, மழை விழுந்த பிறகே இலை. வத்தல்மலைச் சரிவில் அவள் எடுத்துவந்த இந்தக் கிழங்கின் பச்சை வரியோடிய பூ எந்தப் புத்தகத்திலும் இல்லை. புது இனம் என்று நிரூபிக்க, ஒரே செடியின் பூவும் இலையும் காய்ந்து ஒரே அட்டையில் ஒட்டியிருக்க வேண்டும். ஆனால் ஆடி மழைக்குப் பிறகும் தொட்டி வெறும் மண்ணாகவே கிடந்தது. எதிர்வாசலில் துவைகல்லுக்குப் பக்கத்தில் இலைகள் கொத்தாக விரிந்தன. செல்லம்மாளின் ஆடு அதில் ஒன்றைக் கடித்துத் துப்பிய அன்று, தொட்டிக் கிழங்கில் பல் பதிந்திருந்தது.

போய்க் கேட்கலாம்தான். ஆனால் பானுமதி வீட்டில் ஆழ்துளைக் கிணறு போட்ட மாதமே செல்லம்மாளின் கிணறு வற்றிப்போனது, அதிலிருந்து பேச்சில்லை. பானுமதி மண்ணை மாற்றினாள், உரம் வைத்தாள், முருகனை வேண்டிக்கொண்டாள். தொட்டியைத் திட்டியும் பார்த்தாள். அடுத்த இரண்டு வருஷமும் இலை எதிர்வீட்டிலேயே வந்தது. சேலத்தில் அவளுக்கு வழிகாட்டியான பேராசிரியர் மாதவராஜ் போனில் சலித்துக்கொண்டார்.

"வர்ற மார்ச்சோட உன் பிஎச்.டி பதிவு முடியுதும்மா. இலை எங்க?"

"எதிர்வூட்ல இருக்குங்க சார்."

"அப்ப அது வேற செடிம்மா!"

அந்த மூன்றாம் வருஷம் ஒரு மழையோடு வானம் நின்றுவிட்டது. இலை வாடினால் கிழங்குக்குச் சோறில்லை, அடுத்த பூவும் இல்லை. பானுமதி வாசலில் நின்று பொருமிக்கொண்டிருந்தபோது, செல்லம்மாள் தெருக்குழாயிலிருந்து சுமந்துவந்த குடத்தை இறக்கி, முதல் சொம்புத் தண்ணீரை அந்த இலைகளுக்கு ஊற்றினாள். தன் வீட்டுப் பூவெல்லாம் யார் தண்ணீரில் பூத்தது என்பது பானுமதிக்கு அப்போதுதான் உறைத்தது. சாலையைத் தாண்டினாள்.

"என்னங்க டீச்சரு, வழி தப்பி வந்துட்டீங்களா?"

"ஒரு இலை வேணுங்க அக்கா."

"ஒண்ணு என்னத்துக்கு, எல்லாத்தையும் புடுங்கிக்கங்க. நா என்ன கொழம்பு வெக்கவா வளக்கறேன்?"

"அப்புறம் எதுக்குங்க தண்ணி ஊத்தறீங்க?"

"வாசல்ல நிக்குது. வாடுனா பாத்துக்கிட்டு இருக்க முடியுங்களா?"

பானுமதி ஒரே ஒரு இலையை எடுத்துக்கொண்டாள். மறுநாள் முதல் அவள் வீட்டு மோட்டாரிலிருந்து ஒரு குழாய் சாலையைக் கடந்து செல்லம்மாளின் டிரம்மில் விழுந்தது. அட்டையில், பூ எடுத்த இடம் தன் வீடு, இலை எடுத்த இடம் எதிர்வீடு என்று உள்ளதை உள்ளபடி எழுதி, உலர்செடிக் காப்பகத்துக்கு அனுப்பினாள். இரண்டு செடிகளை ஒட்டி அனுப்பியிருப்பதாகச் சொல்லி அட்டை திரும்பி வந்தது. பதிவும் முடிந்துபோனது.

சித்திரையில் தொட்டி பூத்தது. செல்லம்மாள் சாலையைத் தாண்டி வந்து, இடுப்பில் கைவைத்து நின்று பார்த்தாள்.

"எங்கூட்டு இலைக்கு நல்ல பூதானுங்க."

பூ உதிர்ந்தது. மழை விழுந்ததும் இலை வழக்கம்போல எதிர்வீட்டுக்குப் போயிற்று.